பதினைந்து நாளில் ஐஎஸ்ஓ சான்றிதழ் வாங்கித் தருகிறாராம், வாங்கலாமா?

பாலக்காடு மாவட்டம் கொழிஞ்சாம்பாறைப் பக்கத்திலிருந்து ஒரு வாசகி நீண்ட கடிதம் எழுதியிருக்கிறார். ஆள் அடையாளம் தெரியக்கூடிய விவரங்களை எடுத்துவிட்டுச் சுருக்கமாகத் தருகிறேன்.

உணவுத் தொழில்நுட்பம் படித்தவர். நான்கு ஆண்டுகளுக்கு முன் அத்தை மகனுடன் சேர்ந்து ஒரு பிரைவேட் லிமிடெட் கம்பெனி தொடங்கினார். உற்பத்தி இவர் பொறுப்பு, விற்பனை அவர் பொறுப்பு. பொள்ளாச்சி, ஆனைமலைத் தோப்புகளிலிருந்து தேங்காய் எடுத்து வெர்ஜின் தேங்காய் எண்ணெயும் தேங்காய் சிப்ஸும் தயாரிக்கிறார்கள். உள்ளூர்த் தமிழர்கள், மலையாளிகள், ஒடிசாவிலிருந்து வந்த இளைஞர்கள் என்று 24 பேர் வேலை செய்கிறார்கள். எல்லை தாண்டி, தமிழ்நாட்டுப் பக்கம் கோபாலபுரம் அருகே வாடகைக்கு ஒரு குடோன் இருக்கிறது; கோயம்புத்தூர்க் கடைகளுக்குச் சரக்கு அங்கிருந்து போகிறது.

போன மழைக்காலத்தில் திருச்சூரிலிருந்தும் கோயம்புத்தூரிலிருந்தும் அடுத்தடுத்துப் புகார். எண்ணெயில் காறல் வாடை. எந்த நாள் ஆட்டிய எண்ணெய் என்று கண்டுபிடிக்க முடியவில்லை. பாட்டிலில் பேட்ச் எண் என்று அச்சாகியிருந்தது நிரப்பிய தேதிதான். டேங்கிலோ நாலைந்து நாள் எண்ணெய் கலந்து கிடந்திருக்கிறது. கடைகளில் இருந்த எல்லாவற்றையும் திரும்ப எடுத்ததில் ஏறக்குறைய மூன்று லட்ச ரூபாய் நட்டம். தேங்காய்த் துருவலைக் காயவைக்கும் டிரையரில் நின்ற பையனுக்கு ஒரு வாரக் கூலியைப் பிடித்திருக்கிறார்கள். அவன் ஊருக்குப் போய்விட்டான்.

இந்த நிலையில் பெங்களூரைச் சேர்ந்த ஒரு சூப்பர் மார்க்கெட் நிறுவனம் சரக்கு எடுக்க முன்வந்திருக்கிறது. ஒரு படிவம் அனுப்பி, உணவுப் பாதுகாப்பு மேலாண்மை முறை இருக்கிறதா, ஒரு பேட்ச்சை முன்னும் பின்னும் தேடிப் பிடிக்க முடியுமா என்று கேட்டிருக்கிறது. கோயம்புத்தூரில் ஓர் ஏஜெண்ட், "ஆடிட் எல்லாம் வேண்டாம், பதினைந்து நாளில் ஐஎஸ்ஓ 9001 வாங்கித் தருகிறேன், ஃபைலும் நாங்களே போட்டுக் கொடுத்துவிடுவோம்" என்கிறார். அத்தை மகனோ, "நாம ஸ்டார்ட்அப். ரிஜிஸ்டர் எழுத ஆரம்பித்தால் சர்க்கார் ஆபீஸ் மாதிரி ஆகிவிடும். கூகுள் எல்லாம் ஐஎஸ்ஓ பார்த்தா வளர்ந்தது?" என்கிறார். இதற்கு நடுவில், டிரையரையும் எண்ணெய் பிழியும் எக்ஸ்பெல்லரையும் கையாளத் தெரிந்த ஒரே ஆளான மேஸ்திரி, அடுத்த ஆண்டு வேலையை விட்டு ஊரோடு இருக்கப்போவதாகச் சொல்லியிருக்கிறார். "வாங்கிவிடட்டுமா? இந்த முறைகள் எல்லாம் எங்களைப் போன்ற சின்னக் கம்பெனிக்கு உண்மையில் உதவுமா? உதவுமென்றால் எங்கிருந்து தொடங்குவது?" என்பது கேள்வி.

அன்புள்ள வாசகிக்கு,

நேரடியாகக் கேட்டிருக்கிறீர்கள், நேரடியாகவே சொல்கிறேன். அந்தச் சான்றிதழை வாங்காதீர்கள். முன்பணம் ஏதும் கொடுத்திருந்தால் அதோடு போகட்டும், மிச்சத்தைக் கொடுக்காதீர்கள். ஆனால் முறை உங்களுக்குத் தேவை. பெங்களூர் ஆர்டர் வந்தாலும் வராவிட்டாலும் தேவை. உங்கள் கடிதத்தில் உள்ள மூன்று கஷ்டங்களும், அதாவது தேடிப் பிடிக்க முடியாத பேட்ச், தண்டனை வாங்கிக்கொண்டு போன பையன், கிளம்பப்போகும் மேஸ்திரி, மூன்றும் எனக்கு ஒரே கஷ்டமாகத்தான் தெரிகின்றன. கம்பெனிக்குத் தெரிந்திருக்க வேண்டியவை சிலருடைய தலைக்குள் மட்டும் இருக்கின்றன. மூன்று பேர் ஒரே கூரையின் கீழ் வேலை பார்த்தவரை அது போதுமாக இருந்தது. 24 பேர், இரண்டு மாநிலம், மூன்று மொழி என்று ஆனபின் போதவில்லை.

அந்தத் தாள் ஏன் உதவாது

ஐஎஸ்ஓ என்பது ஜெனீவாவில் இருக்கும் ஓர் அமைப்பு. அது தரநிலைகளை எழுதி வெளியிடும். யாருக்கும் சான்றிதழ் தராது. சான்றிதழ் தருபவை தனித்தனிச் சான்றளிப்பு நிறுவனங்கள். அந்த நிறுவனங்களுக்குத் தகுதி இருக்கிறதா என்று பார்த்து அங்கீகாரம் கொடுக்க பல நாடுகளில் ஓர் அமைப்பு உண்டு. நம் நாட்டில் அது இந்தியத் தர கவுன்சிலின் கீழ் உள்ள என்ஏபிசிபி. வெளிநாட்டு அமைப்பு ஒன்றின் அங்கீகாரம் பெற்றுவிட்டு இங்கே வேலை செய்யும் சான்றளிப்பு நிறுவனங்களும் உண்டு. எதுவாக இருந்தாலும் யார் அங்கீகாரம் கொடுத்தார்கள் என்று சான்றிதழிலேயே இருக்கும்; சம்பந்தப்பட்ட இணையதளத்தில் சரிபார்க்கவும் முடியும். பெங்களூர் நிறுவனத்தின் தரப் பிரிவில் இருப்பவர் முதலில் செய்யப்போகிற காரியம் அதுதான்.

ஏஜெண்ட் சொன்னதிலேயே இரண்டு இடம் இடிக்கிறது. ஃபைலும் நாங்களே, சான்றிதழும் நாங்களே என்கிறார். சான்றளிப்பு நிறுவனங்களுக்கான ஐஎஸ்ஓ 17021 தரநிலை அதை அனுமதிப்பதில்லை. முறையை உருவாக்க ஆலோசனை சொல்பவர் வேறு, வந்து தணிக்கை செய்பவர் வேறு ஆளாகத்தான் இருக்க வேண்டும். அப்புறம், ஆடிட் வேண்டாம் என்கிறார். உண்மையான சான்றிதழ் இரண்டு கட்டத் தணிக்கைக்குப் பிறகே வரும். முதல் கட்டத்தில் நீங்கள் தயாரா என்று பார்ப்பார்கள். இரண்டாவதில் டிரையர் பக்கம் நின்று, அங்கே வேலை செய்பவரிடம் பேசி, பதிவுகளைப் புரட்டிப் பார்ப்பார்கள். அதற்கு முன் நீங்களே ஒருமுறை உள்தணிக்கை செய்திருக்க வேண்டும், நிர்வாகமாக உட்கார்ந்து ஒருமுறை முழுமையாக ஆய்ந்திருக்க வேண்டும். ஆகவே சில மாதப் பதிவுகள் இல்லாமல் அந்தக் கட்டத்துக்கே போக முடியாது. சான்றிதழ் மூன்று ஆண்டுக்குச் செல்லும். நடுவில் ஆண்டுதோறும் வந்து பார்ப்பார்கள். பதினைந்து நாளில் வீட்டுக்கு வருவது எதுவாக இருந்தாலும் அது இது இல்லை.

இன்னொன்றையும் கவனித்தீர்களா? பெங்களூர்க்காரர்கள் கேட்டது உணவுப் பாதுகாப்பு மேலாண்மை முறை. ஏஜெண்ட் விற்பது 9001. 9001 எந்தத் தொழிலுக்கும் பொதுவான தர மேலாண்மை முறை. உணவுக்கு உரியது ஐஎஸ்ஓ 22000. இப்போது நடப்பில் இருப்பது 2018ஆம் ஆண்டுப் பதிப்பு. எந்தக் கட்டத்தில் ஆபத்து நுழையும், எங்கே அதைத் தடுக்க வேண்டும் என்று பார்க்கும் ஹாசெப் முறை அதற்குள்ளேயே இருக்கிறது. நாளைக்கு ஐரோப்பாவுக்கு அனுப்பலாம் என்ற கனவும் உங்கள் கடிதத்தில் தெரிகிறது. அங்கே பெரிய கடைகள் பல 22000-ஐ மட்டும் வைத்து ஒப்புக்கொள்வதில்லை. எஃப்எஸ்எஸ்சி 22000 அல்லது பிஆர்சி போன்ற, இன்னும் கடுமையான உணவுப் பாதுகாப்புச் சான்றுகளைக் கேட்பார்கள். எனவே ஒரு ரூபாய் செலவு செய்யுமுன், "எந்தத் தரநிலை, எந்த அங்கீகாரம், எப்போதைக்குள்" என்று வாங்குபவரிடமே எழுத்தில் கேட்டுவிடுங்கள். கேட்டால் நம்மைக் குறைவாக நினைப்பார்களோ என்று தயங்க வேண்டாம். விவரம் தெரிந்தவர்கள்தான் இதைக் கேட்பார்கள்.

சான்றிதழ் வந்ததும் பாட்டிலில் ஐஎஸ்ஓ முத்திரை போட்டால் கடையில் வேகமாக ஓடும் என்று எழுதியிருக்கிறீர்கள். அந்த எண்ணத்தை விட்டுவிடுங்கள். அது நீங்கள் வேலை செய்யும் முறைக்குத் தரும் சான்று. எண்ணெய்க்கே சான்று கிடைத்ததுபோல் பாட்டிலில் முத்திரை போடுவதற்கு விதிகளில் இடமில்லை.

சட்டம் கேட்பது வேறு

ஐஎஸ்ஓ கட்டாயம் என்று யாரோ உங்களைப் பயமுறுத்தியிருக்கிறார்கள். எந்த ஐஎஸ்ஓ சான்றிதழும் உங்கள் தொழிலுக்குச் சட்டப்படி கட்டாயம் இல்லை; அது வாங்குபவர் வைக்கும் நிபந்தனை. கட்டாயம் என்பது 2006ஆம் ஆண்டு உணவுப் பாதுகாப்புச் சட்டமும் அதன் விதிகளும். உரிம விதிமுறைகளின் நான்காம் அட்டவணையில் சுத்தம், தண்ணீர், பூச்சிக் கட்டுப்பாடு, பணியாளர் உடல்நலம், பதிவேடுகள் என்று எல்லாம் வரிசையாக இருக்கின்றன. அதை ஒருமுறை பொறுமையாகப் படியுங்கள். ஐஎஸ்ஓ 22000 கேட்கும் அடித்தளத்தில் பெரும்பகுதி அங்கேயே இருப்பதைப் பார்ப்பீர்கள். அதை ஒழுங்காகச் செய்தாலே பாதித் தூரம் வந்துவிடலாம்.

எல்லையில் தொழில் செய்பவர்கள் அடிக்கடி தவறவிடும் ஒன்று உங்கள் கடிதத்திலும் இருக்கிறது. கோபாலபுரம் குடோனை "சும்மா சரக்கு வைக்கிற இடம்" என்கிறீர்கள். உணவு உரிமம் இடத்துக்கு இடம் தனி. சரக்கு வைக்கிற இடமும் அதில் சேரும். இரண்டு மாநிலங்களில் இடம் வைத்திருந்தால் தலைமை அலுவலகத்துக்கு மத்திய உரிமமும் வேண்டும். ஏற்றுமதி செய்யப்போனாலும் மத்திய உரிமம்தான். ஜிஎஸ்டியும் மாநிலத்துக்கு மாநிலம் தனிப் பதிவு. கொழிஞ்சாம்பாறையிலிருந்து உங்கள் சொந்தக் குடோனுக்கே சரக்கு போனாலும் சட்டத்தின் கண்ணில் அது மாநிலம் விட்டு மாநிலம் போகும் வழங்கல், பில்லும், மாநிலம் விட்டு மாநிலம் போகும் சரக்குக்கான ஐஜிஎஸ்டி வரியும் உண்டு. இதுவரை எப்படி நடந்தது என்பதை உங்கள் ஆடிட்டரிடம் மறைக்காமல் சொல்லி, முதல் வேலையாக இதைச் சரிசெய்யுங்கள். பெங்களூரிலிருந்து தணிக்கைக்கு வருபவர் குடோனையும் பார்க்கக் கேட்பார்.

அந்தப் பையனுடைய கூலி விஷயத்தையும் சொல்லியாக வேண்டும். அபராதம் என்று பிடிப்பதானால் அந்தச் சம்பளக் காலத்துக் கூலியில் 3 சதவீதத்தைத் தாண்டக்கூடாது. நட்டத்துக்கு ஈடாகப் பிடிப்பதானால் அவருடைய கவனக்குறைவால்தான் நேர்ந்தது என்பது தெளிவாக இருக்க வேண்டும். இரண்டிலும் விளக்கம் சொல்ல வாய்ப்பு தராமல் பிடிக்க முடியாது. பிடித்த பணத்தை அவருடைய கணக்குக்கு அனுப்பிவிடுங்கள். சட்டத்துக்குப் பயந்து மட்டும் சொல்லவில்லை. தவறு அவருடையதே இல்லை என்று நினைக்கிறேன். ஏன் என்று கீழே பார்ப்போம்.

காறல் எங்கிருந்து வந்தது

டொயோட்டா ஆலைகளில் பழகி உலகெங்கும் பரவிய ஒரு வழக்கம் உண்டு. தவறு நடந்தால் "யார்?" என்று கேட்பதோடு நிற்காமல் "ஏன்?" என்று திரும்பத் திரும்பக் கேட்டு அடிவரைக்கும் போவது. உங்கள் கடிதத்தில் உள்ள விவரங்களை வைத்தே கேட்டுப் பார்க்கிறேன்.

எண்ணெய் ஏன் காறியது? ஈரம் தங்கியிருக்கலாம். வெர்ஜின் எண்ணெயில் ஈரம் 0.1 சதவீதத்துக்கு மேல் போகக்கூடாது என்பது தேங்காய் உற்பத்தி நாடுகளின் சமூகம் வகுத்த தரநிலை. அந்த அளவுக்குச் சின்ன விஷயம், அந்த அளவுக்குப் பெரிய விளைவு. ஈரம் ஏன் தங்கியது? துருவல் போதுமான அளவு காயவில்லை. ஏன் காயவில்லை? மழைக்காலத்திலும் வெயில் காலத்து நேரமே டிரையரில் ஓடியது. ஏன்? மழைக்காலத்தில் எவ்வளவு நேரம் கூட்ட வேண்டும் என்பது மேஸ்திரிக்கு மட்டும் தெரியும். அவர் துருவலைக் கையில் எடுத்து நசுக்கிப் பார்த்துச் சொல்வார். அந்த வாரம் அவர் உறவில் ஒரு துக்கத்துக்குப் போயிருந்தார் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். டிரையரில் நின்ற பையனுக்கு யாரும் எதுவும் எழுதித் தரவில்லை, அவனுக்குத் தெரிந்த மொழியில் சொல்லவுமில்லை. சொன்ன நேரத்துக்கு டிரையரை நிறுத்தினான். அவன் வேலையை அவன் சரியாகத்தான் செய்திருக்கிறான்.

கடைசி "ஏன்" வரை போனால் பெரும்பாலும் ஆள் மறைந்து போய், இல்லாத ஓர் ஏற்பாடு கண்ணில் படும். உங்களுக்கு அது மூன்று எளிய விஷயங்கள். டிரையரிலிருந்து இறக்குமுன் ஈரமானியில் பார்த்து எழுதும் ஓர் எண். அந்த எண் எல்லைக்குள் இல்லாவிட்டால் அடுத்த கட்டத்துக்குப் போகக்கூடாது என்ற விதி. அப்புறம், தேங்காய் லாரியிலிருந்து பாட்டில்வரை கூடவே வரும் ஒரு பேட்ச் எண்.

பேட்ச் எண்ணைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், உங்கள் பணம் போனது அங்கேதான். லேபிளில் பேட்ச் எண் இருக்க வேண்டும் என்பது சட்டம். நீங்கள் நிரப்பிய தேதியைப் போட்டு அந்தச் சட்டத்தைத் திருப்திப்படுத்திவிட்டீர்கள். ஆனால் அந்த எண்ணால் உங்களுக்கு எந்தப் பயனும் இல்லை. எண் தொடங்க வேண்டியது ஆட்டுகிற நாளில். ஒரு நாள் ஆட்டியது ஒரு டேங்கில். அந்த டேங்க் காலியாகிக் கழுவிய பிறகே அடுத்த நாளுடையது. இன்னும் இரண்டு சின்ன டேங்க் வாங்க வேண்டியிருக்கும், வாங்குங்கள். போன மழையில் இழந்ததைவிட மிகக் குறைவாகவே ஆகும். ஒவ்வொரு பேட்ச்சிலும் இரண்டு பாட்டிலை எடுத்துத் தேதி எழுதி, காலாவதி நாள்வரை பத்திரமாக வையுங்கள். பில்லில் பேட்ச் எண்ணைக் கட்டாயம் சேருங்கள். குடோனிலிருந்து போகும் பில்லிலும்தான்.

இப்படி ஒரு மாதம் ஓடிய பிறகு ஒரு பரீட்சை வையுங்கள். யாரையாவது ஒரு கடைக்கு அனுப்பி உங்கள் பாட்டில் ஒன்றை வாங்கிவரச் சொல்லுங்கள். அதன் எண்ணை வைத்துக்கொண்டு பின்னால் போய் எந்தத் தோப்புத் தேங்காய், எந்த ஷிஃப்ட், டிரையரில் ஈரம் என்ன என்று கண்டுபிடிக்க வேண்டும். முன்னால் போய் அதே பேட்ச் எந்தெந்தக் கடைக்கு எத்தனை பாட்டில் போனது என்று சொல்ல வேண்டும். பிஆர்சி தரநிலை இதற்கு நான்கு மணி நேரம் தருகிறது. முதல் தடவை உங்களுக்கு இரண்டு நாள் ஆகலாம். பரவாயில்லை. எங்கே தடைபட்டது என்று குறித்து, அதைச் சரிசெய்து, அடுத்த மாதம் மறுபடி செய்யுங்கள். பெங்களூர்ப் படிவத்தில் உள்ள பெரிய கேள்விக்கு உண்மையான பதில் இதுதான். 2017இல் வந்த உணவுத் திரும்பப் பெறல் விதிமுறைகளுக்கும் இதுவே தயாரிப்பு.

அத்தை மகன் சொல்வதில் எது சரி

நிறையச் சரி. காகிதம் கூடினால் வேகம் குறையும் என்பது உண்மை. யாரோ வேறொரு கம்பெனிக்கு எழுதிய கைப்புத்தகத்தை அப்படியே பெயர் மாற்றி அலமாரியில் வைத்திருக்கும் ஆலைகளைப் பார்த்திருக்கிறேன். மாதக் கடைசியில் ஒருவர் உட்கார்ந்து, ஒரே பேனாவில், முப்பது நாள் வெப்பநிலையையும் எழுதி முடிப்பார். அப்படிப்பட்ட பதிவேடு இல்லாமல் இருப்பதே மேல். ஏனென்றால் அது பொய் சொல்லப் பழக்குகிறது. நாளை உண்மையிலேயே சிக்கல் வரும்போது உங்களையே ஏமாற்றும்.

ஆனால் தரநிலை இதைக் கேட்கிறது என்று அவர் நினைப்பது பழைய கதை. 1987இல் 9001 வந்த காலத்திலிருந்து பல ஆண்டுகள் கைப்புத்தகமும் எழுத்து நடைமுறைகளும் கட்டாயமாக இருந்தன. 2015ஆம் ஆண்டுப் பதிப்பு தரக் கைப்புத்தகம் கட்டாயம் என்பதையே எடுத்துவிட்டது. வேலை ஒழுங்காக நடக்க எவ்வளவு தேவையோ அவ்வளவு எழுதினால் போதும் என்பதே இப்போதைய நிலை. ஆங்கிலத்தில் இருக்க வேண்டும் என்றும் இல்லை. டிரையர் மேல் ஒட்டும் அட்டையில் தமிழ், மலையாளம், ஒடியா மூன்றிலும் இரண்டிரண்டு வரி, பக்கத்தில் சரியாகக் காய்ந்த துருவலின் படம் ஒன்று, காயாததன் படம் ஒன்று. அதுவே ஆவணம்தான்; தணிக்கையாளர் தாராளமாக ஒப்புக்கொள்வார்.

அவரிடம் கூகுளைப் பற்றியும் சொல்லுங்கள். 1998இல் தொடங்கிய அந்தக் கம்பெனிக்கு, மறு ஆண்டே, அதில் முதலீடு செய்த ஜான் டோயர், தான் முன்பு வேலை பார்த்த இன்டெலிலிருந்து ஓகேஆர் என்ற முறையைக் கொண்டுபோய்க் கொடுத்தார். காலாண்டுக்கு என்ன இலக்கு, எட்டினோமா என்பதை எந்த எண்களால் அளப்பது என்று எழுதி எல்லாரும் பார்க்கும்படி வைக்கும் முறை அது. அப்போது அவர்கள் இன்றைய ராட்சத நிறுவனம் அல்ல, சில பத்துப் பேர் இருந்த ஸ்டார்ட்அப். முறை இல்லாமல் வளர்ந்தவர்கள் என்று நாம் நினைப்பவர்கள், தங்கள் வேலைக்குப் பொருந்தும் முறையைச் சீக்கிரமே தேர்ந்தெடுத்துக்கொண்டவர்கள்.

அதே சமயம் ஓர் எச்சரிக்கை. விற்பனை இலக்கை மட்டும் எழுதி மாட்டிவிட்டு முறை வந்துவிட்டது என்று இருந்துவிடாதீர்கள். மாதம் இத்தனை லிட்டர் என்ற எண் மட்டும் சுவரில் இருந்தால், ஈரம் சரியில்லாத நாளிலும் எண்ணெய் வெளியே போகும். அதன் பக்கத்திலேயே திரும்பி வந்த பாட்டில்கள், தள்ளிவைத்த பேட்ச்கள், சொன்ன தேதியில் போய்ச் சேர்ந்த ஆர்டர்கள் என்று இன்னும் இரண்டு மூன்று எண்கள் வேண்டும். ஐந்துக்கு மேல் வேண்டாம்.

மேஸ்திரி அண்ணன்

கடிதத்தில் என்னை அதிகம் கவலைப்பட வைத்தது இந்தப் பகுதி. "அவரிடம் எழுதிக் கொடுக்கச் சொன்னேன், பிடி கொடுக்கவே மாட்டேன் என்கிறார்" என்று எழுதியிருக்கிறீர்கள். அவர் இடத்திலிருந்து பாருங்கள். கையிலிருக்கும் தொழில்தான் அவருக்கு மதிப்பு. அதை எழுதிக் கொடுத்துவிட்டால் நாளைக்கே தேவையில்லாதவன் ஆகிவிடுவோமோ என்ற பயம் நியாயமானது. பேனா பிடித்துப் பழகாதவரிடம் பேப்பரைக் கொடுத்தால் கூச்சமும் சேர்ந்துகொள்ளும்.

எழுதச் சொல்லாதீர்கள். நீங்கள் போய் அவர் பக்கத்தில் நில்லுங்கள். மழை நாளில் என்ன செய்கிறார், முற்றாத காய் கலந்து வந்தால் எப்படிக் கண்டுபிடிக்கிறார், எக்ஸ்பெல்லரின் சத்தம் மாறினால் எதை இறுக்குகிறார், ஏன் என்று கேட்டு நீங்களே எழுதுங்கள். ஃபோனில் படம் பிடியுங்கள். அவர் கையால் நசுக்கிப் பார்த்துச் சொன்ன உடனே ஈரமானியையும் வைத்துப் பாருங்கள். அவர் கைக்கும் கருவிக்கும் எங்கே ஒத்துப்போகிறது என்று சில வாரங்களில் தெரிந்துவிடும். உங்கள் எல்லை எண் அதிலிருந்தே வரும். எழுதியதை அவருக்கு வாசித்துக் காட்டுங்கள், "சரிதான்" என்று அவர் சொன்ன பிறகே சுவரில் ஒட்டுங்கள். அந்த அட்டையில் அவர் பெயர் இருக்கட்டும்.

இதற்கெல்லாம் முன்பாக, இனி அவர் வேலை இரண்டு பேரைப் பழக்குவது என்று சம்பள உயர்வோடு சொல்லிவிடுங்கள். அடுத்த ஆண்டு ஊரோடு போனாலும், மழைக்காலத் தொடக்கத்தில் வந்து ஒரு வாரம் இருந்துவிட்டுப் போக, கூலி பேசி இப்போதே அழைத்து வையுங்கள். பழகப்போகும் இருவரில் ஒருவர் ஒடிசா இளைஞராக இருப்பது நல்லது. ஊருக்குப் போனவரையே கூப்பிட்டுப் பாருங்களேன். பணத்தைத் திருப்பி அனுப்பிய கையோடு ஒரு ஃபோன் போட்டு, "தப்பு எங்க பக்கம்தான்" என்று சொல்லிக் கூப்பிட்டால் வரக்கூடும். வராவிட்டாலும், அவர் ஊர்ப் பையன்கள் மற்றவர்கள் உங்களிடம் இருக்கிறார்கள். நீங்கள் பணத்தைத் திருப்பிக் கொடுத்தது அவர்களுக்குத் தெரிந்துவிடும். அடுத்த முறை ஏதாவது கோளாறு என்றால் மறைக்காமல் வந்து சொல்வார்கள். தவறை வந்து சொல்ல ஆட்கள் பயப்படும் இடத்தில் எந்த மேலாண்மை முறையும் வேலை செய்யாது.

சரக்கை நிறுத்தும் அதிகாரம்

இதைச் சீக்கிரம் சொல்லிவிடலாம், ஆனால் உங்கள் இருவருக்கும் நடுவில் உள்ள உரசல் இங்கேதான் என்று தோன்றுகிறது. ஒரு பேட்ச் வெளியே போகலாமா என்பதை யார் முடிவு செய்வது? விற்பனை இலக்கு யார் தலையில் இருக்கிறதோ அவர் கையில் அந்த முடிவு இருக்கக்கூடாது. அதாவது அது உங்கள் கையில். நீங்கள் இல்லாத நாளில் நீங்கள் நியமித்த ஒருவர் கையில். விலை, தள்ளுபடி, யாருக்குக் கடன் என்பதெல்லாம் அவர் முடிவு, அதில் நீங்கள் தலையிடக் கூடாது. ஒரு பக்கத்தில் எழுதி இருவரும் கையெழுத்துப் போடுங்கள். சொந்தத்துக்குள் எழுத்தா என்று பெரியவர்கள் கேட்பார்கள். வாய்வார்த்தை மனத்தாங்கலில் முடிந்துவிடாமல் சொந்தத்தைக் காப்பாற்றவே எழுதுகிறோம் என்று சொல்லுங்கள். மாதம் ஒருநாள், ஃபோனை வைத்துவிட்டு, அந்த ஐந்து எண்களோடு இரண்டு மணி நேரம் இருவரும் உட்காருங்கள். என்ன முடிவு, யார் செய்வது, எப்போதைக்குள் என்று மூன்று வரி எழுதிவையுங்கள். நிர்வாக ஆய்வு என்று தரநிலை கேட்பது கிட்டத்தட்ட இதையேதான்.

எங்கிருந்து, எந்த வரிசையில்

முதல் மாதம்: குடோன் உரிமம், ஜிஎஸ்டி, கூலிப் பாக்கி. கூடவே பேட்ச் எண்ணும் டேங்கும். வேறு எதையும் தொடாதீர்கள்.

இரண்டாம், மூன்றாம் மாதம்: மேஸ்திரியோடு சேர்ந்து டிரையர், எக்ஸ்பெல்லர், நிரப்புதல் மூன்றுக்கும் அட்டைகள். நான்காம் அட்டவணையைக் கையில் வைத்துக்கொண்டு உங்கள் ஆலையையே ஒருமுறை சுற்றி வாருங்கள். உணவைக் கையாளும் 25 பேருக்கு ஒருவராவது ஃபோஸ்டாக் என்ற அரசின் உணவுப் பாதுகாப்புப் பயிற்சி பெற்றிருக்க வேண்டும். ஒருவர் விடுப்பில் போனாலும் சமாளிக்க இரண்டு பேரை அனுப்புங்கள். சிப்ஸ், எண்ணெய் தொடர்பான தொழில்நுட்பச் சந்தேகங்களுக்கு ஆழியாறு நகரில் உள்ள தென்னை ஆராய்ச்சி நிலையமும், கொச்சியிலிருக்கும் தென்னை வளர்ச்சி வாரியமும், காசர்கோட்டிலுள்ள மத்திய தோட்டப்பயிர் ஆராய்ச்சி நிலையமும் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கின்றன. எல்லையில் இருப்பதில் உள்ள வசதி இது.

நான்காம் மாதத்திலிருந்து ஆறுவரை: எழுதியபடியே ஓட்டிப் பாருங்கள். எங்கெல்லாம் ஆட்கள் எழுதாமல் விடுகிறார்களோ, அந்தப் பதிவு தேவையா என்று முதலில் கேளுங்கள். தேவையில்லையென்றால் எடுத்துவிடுங்கள். தேவையென்றால் எழுதச் சுலபமாக மாற்றுங்கள். அதன்பின் உள்தணிக்கை, எண்ணெய்ப் பக்கத்தைச் சிப்ஸ் பகுதிப் பொறுப்பாளரும் சிப்ஸ் பக்கத்தை எண்ணெய்க்காரரும் பார்க்கட்டும். தன் வேலையைத் தானே தணிக்கை செய்யக்கூடாது என்பது மட்டும் விதி.

அதற்கப்புறம்தான் சான்றிதழ் பற்றிய யோசனை. சிறு தொழில்களுக்கான உத்யம் பதிவு உங்களிடம் இருப்பதால், குறையில்லாமலும் சுற்றுச்சூழலைக் கெடுக்காமலும் தயாரிப்பதற்குச் சான்று தரும், சிறு தொழில் அமைச்சகத்தின் இசட்.இ.டி திட்டத்தின் வெண்கலப் படியை முதலில் எடுப்பது நல்ல ஒத்திகையாக இருக்கும். பெண்கள் நடத்தும் நிறுவனங்களுக்கு அதில் தனிச் சலுகை தந்திருக்கிறார்கள், மாவட்டத் தொழில் மையத்தில் கேளுங்கள். ஐஎஸ்ஓ 22000-க்கு மூன்று சான்றளிப்பு நிறுவனங்களிடம் விலை கேளுங்கள். எத்தனை நாள் தணிக்கை, அடுத்த இரண்டு ஆண்டுக் கண்காணிப்புத் தணிக்கைக்கு எவ்வளவு என்று சேர்த்தே கேளுங்கள். முதல் ஆண்டுத் தொகையை மட்டும் குறைத்துக் காட்டுபவர்கள் உண்டு.

பெங்களூருக்கு என்ன எழுதுவது

இந்த வாரமே எழுதுங்கள், உள்ளதை உள்ளபடி. உணவு உரிமம் இருக்கிறது, எண் இது. ஐஎஸ்ஓ 22000 இப்போது இல்லை. இன்ன மாதத்துக்குள் தணிக்கைக்குப் போகத் திட்டமிட்டிருக்கிறோம். பேட்ச் முறையை மாற்றிக்கொண்டிருக்கிறோம், முதல் ஒத்திகையின் முடிவை இன்ன தேதியில் அனுப்புகிறோம். அதுவரை ஒவ்வொரு பேட்ச்சுக்கும் அங்கீகாரம் பெற்ற ஆய்வகத்தின் பரிசோதனை அறிக்கையைச் சரக்கோடு தருகிறோம். விரும்பினால் உங்கள் ஆளே வந்து ஆலையைப் பார்க்கலாம். போன மழைக்காலத்துப் புகார் பற்றிக் கேட்டால் அதையும் சொல்லுங்கள், என்ன காரணம் கண்டுபிடித்தீர்கள், என்ன மாற்றினீர்கள் என்பதோடு சேர்த்து.

அவர்கள் சம்மதித்து, சோதனையாக ஒன்றிரண்டு கடைக்கு மட்டும் எடுக்கிறோம் என்றால் ஒப்புக்கொள்ளுங்கள். சான்றிதழ் கையில் இல்லாமல் முடியாது என்றால் ஆறேழு மாதம் கழித்து வருகிறோம் என்று எழுதிவிட்டு, கோயம்புத்தூரையும் திருச்சூரையும் பாருங்கள். காறல் எண்ணெயைத் திருப்பி அனுப்பிய கடைக்காரர்கள் அங்கே இருக்கிறார்கள். முதல் புதிய பேட்ச்சை அவர்களுக்கு நீங்களும் அத்தை மகனுமாக நேரில் கொண்டுபோய்க் கொடுங்கள்.